மேட்டைத் தாண்டும் கால்வாய்

கேள்வி: பிரான்சின் கனால் டு மிடி கால்வாய் மேடு தாண்டிப் போகிறதாமே, தண்ணீர் எப்படி மேலே ஏறும்?

பதில்: ஏறவில்லை சார், இறங்கத்தான் செய்கிறது! மலை ஓடைகளைச் சென் ஃபெரியோல் அணையில் தேக்கி, வழியிலேயே உயரமான நோரூஸ் மேட்டில் கொண்டுவந்து விட்டால், ஒரு பங்கு அட்லாண்டிக் பக்கமும் மறு பங்கு மத்தியதரைக்கடல் பக்கமும் தானாக ஓடும். படகுகள்தான் மதகுக் கதவு வைத்த அறைகளில் நின்று நின்று ஏறி இறங்கும். அந்த அறைச் சுவர்கள் முட்டை மாதிரி வெளியே வளைந்திருக்கும். நேராகக் கட்டியது சரிந்ததால், மண் தள்ளினாலும் தாங்கட்டும் என்று செய்த வேலை. இத்தனைக்கும் கட்டிய ரிக்கே பொறியாளரே இல்லை, உப்பு வரி வசூலித்தவர்! 1666இல் அரசாணை வந்தது, சொந்தப் பணத்தையும் கொட்டினார், 240 கிலோமீட்டர் கால்வாயை வெட்டி முடிக்கும் முன்பே 1680இல் இறந்துவிட்டார். திறப்புவிழா 1681இல்.