காட்பாடி மாடியில் பில்பெர்ரி: இலை மஞ்சளாவது ஏன்?

வணக்கம் நண்பரே. ஆன்லைனில் வாங்கிய பில்பெர்ரிச் செடி (ப்ளூபெர்ரிக்கு உறவான கருநீலப் பழச்செடி) காட்பாடி மொட்டை மாடியில் இரண்டே மாதத்தில் மஞ்சளாகிவிட்டது, உரம் போட்டும் தேறவில்லை என்று எழுதியிருந்தீர்கள். இன்னும் உரம் போடாதீர்கள், முதலில்.

நரம்பு மட்டும் பச்சை, மற்ற இடமெல்லாம் வெளுப்பு என்றால் பெரும்பாலும் இரும்புச்சத்துக் கோளாறுதான். மண்ணில் இரும்பு இருந்தாலும் வேரால் எடுக்க முடிவதில்லை. பில்பெர்ரி வேர் இரும்பை எடுக்க, பிஎச் (மண்ணின் புளிப்பு-காரத்தைக் காட்டும் அளவு) 4.5-ஐ ஒட்டிய புளிப்பு மண் வேண்டும். நம்ம ஊர் போர் தண்ணீரோ பக்கெட்டில் வெள்ளையாகச் சுண்ணாம்பு படியும் ரகம். அதைத் தினமும் ஊற்றினால் எந்த மண்ணும் புளிப்பை இழந்து காரத்தன்மைக்கு மாறிவிடும். பிடித்து வைத்த மழைநீர், தென்னைநார்க் கழிவு, செலேட் இரும்பு (வேர் எளிதாக எடுக்கும்படி தயாரித்த இரும்புச்சத்து) என்று கொடுத்தால் இலை பச்சையாகலாம்.

ஆனால் பழம்? ஸ்காட்லாந்து, நார்வே பக்கம் காற்றடிக்கும் மேட்டு நிலத்தில் முழங்கால் உயரத்துக்கு வளரும் செடி இது. குளிர்காலம் முழுக்க இலையுதிர்த்துத் தூங்கி எழுந்தால்தான் ஒழுங்காகப் பூக்கும். வேலூரின் 40 டிகிரி மாடியில் அதற்கு ஏது தூக்கம்? ஏலகிரிக்குக் கொண்டுபோனாலும் அந்தக் குளிர் கிடைக்காது.

கருநீலப் பழம்தான் ஆசை என்றால் களா வையுங்கள். வெயில், வறட்சி, சுண்ணாம்பு மண் எதற்கும் அசராது. பழுத்தால் கறுத்துப் புளித்து இனிக்கும், காயில் ஊறுகாய் போடலாம். முள் மட்டும் பொல்லாதது. குழந்தைகள் ஓடும் பக்கம் தொட்டியை வைக்காதீர்கள்.