முதல் உலக கிளப் சாம்பியன் யார்? வினாடி வினாவில் எந்த விடையை ஏற்பது?

கேள்வி: எங்கள் பள்ளி விளையாட்டு விழாவுக்காகக் கால்பந்து வினாடி வினா ஒன்றைத் தயாரித்து வருகிறேன். ‘உலகின் முதல் கிளப் சாம்பியன் எந்த அணி?’ என்று கேட்க நினைத்துத் தேடியபோது, ஓரிடத்தில் 1951ஆம் ஆண்டின் பிரேசில் அணி பால்மெய்ராஸ் என்றும், வேறோரிடத்தில் 1960ஆம் ஆண்டின் ரியல் மாட்ரிட் என்றும், மற்றோரிடத்தில் 2000ஆம் ஆண்டின் கொரிந்தியன்ஸ் என்றும் இருக்கிறது. எதைச் சரியான விடையாக வைப்பது? மாணவர்கள் மறுத்துப் பேசினால் என்ன விளக்கம் சொல்வது?

பதில்: இந்தக் கேள்வியை இதே வடிவில் கேட்காதீர்கள் என்பதே என் முதல் ஆலோசனை. நீங்கள் கண்ட மூன்று விடைகளுக்கும் தக்க ஆதாரம் உண்டு. நன்றாகப் படித்துவிட்டு வரும் மாணவர் மூன்றில் எதைச் சொன்னாலும் அவருக்கு மதிப்பெண் மறுப்பது நியாயமாகாது. ஆண்டையும் போட்டியையும் போட்டியை நடத்திய அமைப்பையும் கேள்விக்குள்ளேயே கொண்டுவந்துவிட்டால் சிக்கல் தீர்ந்துவிடும். அதற்கு மூன்று போட்டிகளின் பின்னணியும் உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

முதலில் 1951. அதற்கு முந்தைய ஆண்டு, 1950 ஜூலை 16 அன்று, ரியோ டி ஜனேரோவின் மரக்கானா மைதானத்தில் பிரேசில் தன் சொந்த ரசிகர்கள் முன்னிலையில் உருகுவேயிடம் 1-2 என்று தோற்று, கைக்கெட்டிய உலகக் கோப்பையைப் பறிகொடுத்தது. அந்தக் காயம் ஆறாதிருந்த நிலையில்தான் பிரேசில் விளையாட்டுக் கூட்டமைப்பு ஐரோப்பாவிலிருந்தும் தென் அமெரிக்காவிலிருந்தும் கிளப் அணிகளை வரவழைத்து ‘கோப்பா ரியோ’ என்ற போட்டியை நடத்தியது. பத்திரிகையாளர் மாரியோ ஃபில்யோ இதற்காக ஊக்கத்துடன் எழுதியவர்களில் ஒருவர். மரக்கானா மைதானத்தின் அதிகாரபூர்வப் பெயர் பின்னாளில் அவர் பெயராகவே ஆனது. இத்தாலியைச் சேர்ந்தவரும் உலகக் கால்பந்துக் கூட்டமைப்பான ஃபிஃபாவின் நிர்வாகியுமான ஒட்டோரினோ பராசி ஐரோப்பிய அணிகளை அழைத்துவருவதில் பெரும்பங்கு வகித்தார்.

எட்டு அணிகள் இரண்டு பிரிவுகளாகப் பிரிந்து ஆடின. ரியோ பிரிவில் வாஸ்கோ ட காமா, உருகுவேயின் நாசியோனால், ஆஸ்திரியா வியன்னா, லிஸ்பனின் ஸ்போர்ட்டிங் ஆகியவையும், சாவோ பாலோ பிரிவில் பால்மெய்ராஸ், இத்தாலியின் யுவென்டஸ், பிரான்சின் நீஸ், யூகோஸ்லாவியாவின் ரெட் ஸ்டார் பெல்கிரேட் ஆகியவையும் இருந்தன. பிரிவு ஆட்டங்களைப் பார்த்தவர்கள் எவரும் பால்மெய்ராஸ் கோப்பையை வெல்லும் என்று எண்ணியிருக்க மாட்டார்கள். யுவென்டஸிடம் அந்த அணி 0-4 என்று தோற்றிருந்தது. வாஸ்கோவோ தன் மூன்று ஆட்டங்களிலும் வென்றிருந்தது. ஆனால் அரையிறுதியில் பால்மெய்ராஸ் வாஸ்கோவை 2-1 என்று வீழ்த்தி, இரண்டாம் ஆட்டத்தைக் கோல் ஏதுமின்றிச் சமன்செய்து வெளியேற்றியது. ஆஸ்திரியா வியன்னாவுடன் 3-3 என்று சமன்செய்து அடுத்த ஆட்டத்தை 3-1 என்று வென்ற யுவென்டஸ், இறுதியில் மீண்டும் எதிரே வந்து நின்றது.

இறுதிச் சுற்றின் இரண்டு ஆட்டங்களும் மரக்கானாவில் நடைபெற்றன. ஜூலை 18 அன்று ரோட்ரிகெஸ் அடித்த ஒரே கோலால் பால்மெய்ராஸ் வென்றது. ஜூலை 22 அன்று, ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் திரண்டிருந்த மைதானத்தில், டென்மார்க் வீரர் பிரேஸ்ட் யுவென்டஸுக்கு முன்னிலை தேடித்தர, ரோட்ரிகெஸ் அதைச் சமன்செய்தார். போனிபெர்டி மீண்டும் முன்னிலை தர, லிமின்யா அதையும் சமன்செய்தார். ஆட்டம் 2-2 என்று முடிய, கோப்பை பால்மெய்ராஸின் நகரான சாவோ பாலோவுக்குச் சென்றது. முந்தைய ஆண்டு அதே மைதானத்தில் உருகுவேயிடம் தோற்ற பிரேசில் அணியில் ஆடிய ஜயிர் இப்போது பால்மெய்ராஸ் அணியில் இருந்தார். பால்மெய்ராஸே 1914இல் இத்தாலியக் குடியேறிகள் ‘பலெஸ்ட்ரா இத்தாலியா’ என்ற பெயரில் தொடங்கிய கிளப் ஆகும். இரண்டாம் உலகப் போரில் பிரேசில் நேச நாடுகளின் பக்கம் சேர்ந்ததால் 1942இல் தன் பெயரை மாற்றிக்கொள்ள நேர்ந்தது. அப்படிப்பட்ட கிளப், பிரேசில் மக்கள் அனைவரின் சார்பிலும் ஓர் இத்தாலிய அணியை வென்று நின்றது அந்நாட்டின் கால்பந்து வரலாற்றில் ஒரு பெரிய தருணம் என்றே நான் கருதுகிறேன்.

அப்படியானால் பால்மெய்ராஸையே முதல் உலகச் சாம்பியன் என்று சொல்லிவிடலாமே என்று மாணவர்கள் கேட்கக்கூடும். இங்கேதான் கவனம் தேவை. 1951இல் ஒரு கண்டத்தின் சாம்பியனைத் தேர்ந்தெடுக்கும் முறையான ஏற்பாடே இருக்கவில்லை. ஐரோப்பியக் கால்பந்துச் சங்கங்களின் ஒன்றியமான யூஃபா 1954இல்தான் தோன்றியது. ஐரோப்பியக் கோப்பை 1955-56 பருவத்திலும், தென் அமெரிக்காவின் கோப்பா லிபர்டடோரஸ் 1960இலும்தான் தொடங்கின. எனவே கோப்பா ரியோவில் ஆடிய அணிகள் அழைப்பின் பேரில் வந்தவை. அந்தப் பருவத்தின் இத்தாலியச் சாம்பியன் ஏ.சி. மிலன், வந்ததோ முந்தைய பருவத்தின் சாம்பியனான யுவென்டஸ். இங்கிலாந்துச் சாம்பியனான டாட்டன்ஹாம் ஹாட்ஸ்பர் வரவே இல்லை. 1952இல் இரண்டாவது முறையாக நடந்த போட்டியில் ஃப்ளூமினென்சி, கொரிந்தியன்ஸை இறுதியில் வீழ்த்திக் கோப்பையை வென்றது. அதே பெயரில் அதன்பின் போட்டி தொடரவில்லை.

1960இல் தொடங்கிய இன்டர்கான்டினென்டல் கோப்பை இந்தக் குறையைத் தீர்த்தது. ஐரோப்பியச் சாம்பியனும் தென் அமெரிக்கச் சாம்பியனும் மட்டுமே மோதும் இப்போட்டியை யூஃபாவும் தென் அமெரிக்கக் கூட்டமைப்பும் இணைந்து நடத்தின. முதல் ஆண்டில் ரியல் மாட்ரிட், மாண்டிவிடியோவில் உருகுவேயின் பெனரோலுடன் 0-0 என்று சமன்செய்து, மாட்ரிட்டில் 5-1 என்று வென்றது. ஆனால் ஆசியா, ஆப்பிரிக்கா, வட அமெரிக்கா ஆகியவற்றின் அணிகளுக்கு இதில் இடமே இல்லை. ஃபிஃபாவும் இதை நடத்தவில்லை. ஆறு கண்டக் கூட்டமைப்புகளின் அணிகளையும் சேர்த்து ஃபிஃபா தானே நடத்திய முதல் போட்டி 2000 ஜனவரியில் பிரேசிலில் நடைபெற்றது. மரக்கானாவில் நடந்த அதன் இறுதியாட்டத்தில் கொரிந்தியன்ஸ் வாஸ்கோவைப் பெனால்டி முறையில் வென்றது. இன்டர்கான்டினென்டல் கோப்பை 2004 வரை நடந்து நின்றுபோனது.

இவற்றுக்கு ஃபிஃபா பின்னாளில் அளித்த அங்கீகாரத்தையும் தெரிந்துகொள்ளுங்கள். 2014 ஜூனில் அதன் செயற்குழு, 1951ஆம் ஆண்டின் போட்டியை உலக அளவிலான முதல் கிளப் போட்டி என்றும், அதன் வெற்றியாளர் பால்மெய்ராஸ் என்றும் ஏற்றுக்கொண்டது. 2017 அக்டோபர் 27 அன்று, 17 வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பை இந்தியாவில் நடந்துகொண்டிருந்த சமயத்தில், கொல்கத்தாவில் கூடிய ஃபிஃபா பேரவை, 1960 முதல் 2004 வரை இன்டர்கான்டினென்டல் கோப்பையை வென்ற அணிகளை உலகச் சாம்பியன்களாக அங்கீகரித்தது. அந்த இரண்டாவது முடிவில் கோப்பா ரியோ சேர்க்கப்படவில்லை. பால்மெய்ராஸுக்கு உலகப் பட்டமே இல்லை என்று பிரேசிலின் எதிரணி ரசிகர்கள் கேலிப்பாட்டுப் பாடுவதும் உண்டு. போட்டி என்ற அளவில் 1951க்கு முதலிடமும், பட்டம் என்ற அளவில் 1960க்கு முதலிடமும் தருவதே இந்த இரு முடிவுகளுக்கும் பொருந்தும் என்பது என் கருத்து. ஆறு கண்டங்களின் அணிகளையும் அளவுகோலாகக் கொண்டால் 2000தான் தொடக்கம்.

ஆகவே ‘1951இல் பிரேசிலில் நடந்த கோப்பா ரியோவை வென்ற அணி எது?’, ‘1960இல் முதல் இன்டர்கான்டினென்டல் கோப்பையை வென்ற அணி எது?’, ‘ஃபிஃபா தானே நடத்திய முதல் கிளப் உலகப் போட்டியை 2000இல் வென்ற அணி எது?’ என்று மூன்று கேள்விகளாகப் பிரித்துவிடுங்கள். யாரேனும் 1909, 1911 ஆண்டுகளில் டூரின் நகரில் நடந்த சர் தாமஸ் லிப்டன் கோப்பையைக் குறிப்பிட்டு, அதை வென்ற வெஸ்ட் ஆக்லாந்துதான் முதல் சாம்பியன் என்று வாதிட்டால், அதில் ஆடியவை அனைத்தும் ஐரோப்பிய அணிகளே என்று விளக்கிவிடலாம். இலங்கைத் தேயிலை வணிகத்தால் நம் பக்கமும் அறியப்பட்ட அதே லிப்டன்தான் அவர் என்பதையும் மாணவர்களிடம் சொல்லுங்கள், ஆர்வத்துடன் கேட்பார்கள்.

சற்றுக் கடினமான கேள்வி ஒன்று வேண்டுமென்றால் 1961ஆம் ஆண்டின் இன்டர்கான்டினென்டல் கோப்பையை எடுத்துக்கொள்ளுங்கள். முதல் ஆட்டத்தில் போர்ச்சுகலின் பென்ஃபிகா 1-0 என்றும், இரண்டாம் ஆட்டத்தில் பெனரோல் 5-0 என்றும் வென்றன. இன்றைய வழக்கப்படி மொத்தக் கோல்களைக் கூட்டினால் பெனரோல் அப்போதே சாம்பியன் ஆகியிருக்க வேண்டும். அன்று கோல்களைக் கூட்டாமல் வெற்றிக்குரிய புள்ளிகளை மட்டுமே கணக்கிட்டதால் இரு அணிகளும் சமநிலையில் நின்றன. மூன்றாவதாக ஓர் ஆட்டம் நடத்தி, அதில் பெனரோல் 2-1 என்று வென்ற பிறகே கோப்பை வழங்கப்பட்டது. ‘5-0 என்று வென்ற பிறகும் பெனரோல் ஏன் இன்னோர் ஆட்டம் ஆட வேண்டியிருந்தது?’ என்று கேளுங்கள். இதற்கு மட்டும் இரட்டை மதிப்பெண் வைக்கலாம்.