பெண்களுக்கு மட்டும் ஒரு நோட்டீஸ்

கேள்வி: தேர்தல் வந்தால் கட்சிகள் பெண்களுக்கென்று தனி நோட்டீஸ் அடிக்கின்றன. அதனால் பெண்களின் வாக்கு விழுமா? (வாசகி, கொட்டாஞ்சேனை)

பதில்: வாக்கு விழுமா என்ற கவலை கட்சிக்காரருக்கு இருக்கட்டும். எனக்கு அந்த நோட்டீஸ் மேல்தான் ஆத்திரம். ரோஸ் நிறத் தாள், மேலே 'அன்பான தாய்மார்களே', கீழே அரிசி, காஸ், பால்மா விலை. அரசியலமைப்பும் ஊழலும் ஆண்களின் நோட்டீஸுக்குப் போய்விடும். புறக்கோட்டைக் கடையில் நாள் முழுக்க நின்று வேலை செய்கிறவளுக்கு, ஈ.பி.எப். (ஊழியர் சேமலாப நிதி) கட்டாத முதலாளியும் நுண்கடன் தவணையும் இரவில் பஸ் இல்லாத பாதையும் கவலை இல்லையா? கதவைத் திறக்கிற அம்மாவிடம் "ஐயா இல்லையா?" என்று கேட்டுவிட்டு, தாளைக் கையில் திணித்து அடுத்த வீட்டுக்குப் போகிறார்கள். அவருக்கும் ஒரு வாக்கு இருக்கிறது.

அந்த வாக்கு சும்மா வரவில்லை. பெண்களுக்கு 30 வயதுக்குப் பிறகுதான் என்றது, அரசியலமைப்பை ஆராய பிரித்தானியா அனுப்பிய டொனமூர் ஆணைக்குழு. பெண்கள் விடவில்லை, 1931இல் இரு பாலாருக்கும் 21 வயது என்றானது. தோட்டத்தில் வேலை செய்யும் இந்தியத் தமிழ்ப் பெண்களுக்கும் வேண்டுமா என்று ஆணைக்குழு கேட்டபோது, நிச்சயமாக, அவர்களும் பெண்கள்தானே என்றார் வாக்குரிமைக்காகப் போராடிய அக்னஸ் டி சில்வா. 1932இல் உங்கள் கொழும்பு வடக்கிலேயே இடைத்தேர்தலில் வென்று அன்றைய சட்டமன்றமான அரசாங்க சபைக்குப் போனார் நேசம் சரவணமுத்து. கணவர் இழந்த ஆசனம்தான். ஆனால் 1936இல் மக்கள் அவரையே திரும்பவும் அனுப்பினார்கள்.

இவ்வளவுக்கும் பிறகு, 2024 ஜனாதிபதித் தேர்தல் வாக்குச்சீட்டில் 39 பெயர்கள், ஒரு பெண்கூட இல்லை. வாக்காளரில் பாதிக்கு மேல் பெண்கள்! இரண்டு மாதத்தில் வந்த நாடாளுமன்றத் தேர்தலில் கொழும்பு மாவட்டத்தில் ஹரிணி அமரசூரிய 6,55,289 விருப்பு வாக்கு எடுத்தார். அத்தனை பேரும் பால்மா விலையைப் பார்த்தா போட்டார்கள்?

அப்புறம் அந்த நோட்டீஸின் தமிழ். சிங்களத்தில் எழுதியதை யாரோ போனில் போட்டு மாற்றியிருக்கிறார்கள்; ஒற்றும் இல்லை, பொருளும் இல்லை. இதை இந்தப் பக்கத்தில் எத்தனை தடவை எழுதிவிட்டேன்! 1987இலிருந்து தமிழ் அரச கரும மொழி. தமிழ் மட்டும் வாசிக்கிற பெண்ணிடம் வாக்குக் கேட்கிறவர், அச்சுக்குக் கொடுக்கும் முன் தமிழ் தெரிந்த ஒருவரிடம் காட்டக்கூடாதா?

உள்ளூராட்சியில் 25 சதவீதம் பெண்களுக்கு என்று சட்டம் வந்த பிறகும் பெண் வேட்பாளரை 'இன்னாரின் துணைவியார்' என்றே அச்சடிக்கிறார்கள். அந்த வரியை எடுத்துவிட்டு, வட்டாரத்தில் அவர் என்ன வேலை செய்தார் என்று போடுங்கள்.