இணையர் மெட்டமைத்த பாடல்கள் யாருக்கு உரியவை?

கேள்வி: பதினோரு ஆண்டுகள் என்னோடு வாழ்ந்த என் இணையர் நான்கு மாதங்களுக்கு முன் காலமானார். இருவருமே பெண்கள். நான் எழுதிய வரிகளுக்கு அவர் மெட்டமைத்துப் பாடியவை என் கைப்பேசியில் உள்ளன; இரவில் அவற்றோடு சேர்ந்து பாடினால்தான் தூக்கம் வருகிறது. அவருடைய பெற்றோர் அவற்றை அழிக்கச் சொல்கின்றனர். ஒரு பாடலையாவது அவர் பெயரோடு வெளியிட எனக்கு உரிமை உண்டா?

பதில்: பல்லவிக்கு முன் அவர் தொண்டையைச் செருமிக்கொள்ளும் ஓசையைக்கூட வெட்ட மனம் வரவில்லை என்று எழுதியிருந்தீர்கள். வெட்ட வேண்டாம், எதையும் அழிக்கவும் வேண்டாம். அவருடைய சம்மதத்தோடு நீங்கள் செய்த பதிவு அது. அதை வீட்டில் கேட்பதும் உடன்பாடுவதும் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு அனுமதிக்கும் தனிப்பட்ட பயன்பாடு. அதற்கு யாருடைய இசைவும் தேவையில்லை.

வெளியிடுவது வேறு. தன்பாலினத் திருமணத்துக்குச் சட்ட ஏற்பு வழங்க உச்ச நீதிமன்றம் 2023 அக்டோபர் 17 அன்று மறுத்துவிட்டதால், துணைவர் என்ற முறையில் நீங்கள் வாரிசுரிமை கோர இயலாது. அவர் மணமாகாத, பிள்ளைகளில்லாத இந்துப் பெண்ணாக இருந்து, உயில் எழுதாமல் இறந்திருந்தால், இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 15ஆம் பிரிவின்படி மெட்டுகளின் பதிப்புரிமை பெற்றோரையே சேரும். பதினோரு ஆண்டு வாழ்க்கையைச் சட்டம் கண்டுகொள்ளாமல் விடுவது அநீதி என்றே நான் கருதுகிறேன்.

ஆயினும் அவர்களுடைய உரிமை உங்கள் வரிகளைத் தொடாது. இசைப் படைப்பு என்ற சொல்லுக்குள், பாடுவதற்காக எழுதப்பட்ட வரிகள் அடங்கா என்று அதே பதிப்புரிமைச் சட்டம் வரையறுக்கிறது. வரிகளின் ஆசிரியர் நீங்கள். உங்கள் வாழ்நாள் முழுவதும், அதன்பின் 60 ஆண்டுகளும் அந்த உரிமை நிலைக்கும். ஆகவே பெற்றோரின் இசைவின்றி நீங்கள் அந்த மெட்டை வெளியிட முடியாததைப் போலவே, உங்கள் இசைவின்றி அவர்களும் அந்த வரிகளை வெளியிட முடியாது.

அவருடைய பாட்டு நோட்டுகளை ஒருமுறை பக்கம் பக்கமாகப் பாருங்கள். தமக்குப் பின் அவை உங்களுக்கே என்று எழுதிக் கையெழுத்திட்டு, இரண்டு சாட்சிகளும் கையொப்பமிட்ட தாள் கிடைத்தால் அது உயிலாகலாம். பதிவு செய்திருக்க வேண்டிய கட்டாயமில்லை. வெளிவராத இசைப் படைப்பின் கையெழுத்துப் பிரதி உயில்வழி ஒருவருக்குச் சேர்ந்தால், மாறான நோக்கம் தெரியாதவரை பதிப்புரிமையும் சேர்ந்ததாகவே பதிப்புரிமைச் சட்டத்தின் 20ஆம் பிரிவு கொள்கிறது. சாட்சிகளில்லாத அன்பு வாசகம் மட்டும் இருந்தால் அது உயிலாகாது.

அப்படி எதுவும் கிடைக்காவிட்டால், ஒரே ஒரு பாடலைக் குறிப்பிட்டு, மெட்டமைத்தவராக அவர் பெயர் இடம்பெறும் என்ற உறுதியோடு, பெற்றோரிடம் எழுத்துவழி இசைவு கேளுங்கள். மகளை இழந்தவர்கள் அவர்களும்தான் என்பதால் முதல் கடிதம் வழக்கறிஞரிடமிருந்து அல்லாமல் உங்களிடமிருந்தே போகட்டும். அதற்கு முன், பதிவுகளைத் தேதி மாறாமல் இன்னும் இரண்டு இடங்களில் நகலெடுத்து வையுங்கள்.