டெய்லர் அக்கா பதில்கள்: பழைய படத்து ஜாக்கெட்

அக்கா, தங்கச்சி கல்யாணத்துக்குப் பழைய நடிகைகள் மாதிரி பஃப் கை ஜாக்கெட் தைக்கக் கொடுத்தேன். தோள்ல ரெண்டு பலூன் கட்டிவிட்ட மாதிரி வந்திருக்கு. டெய்லர்கிட்ட என்ன சொல்லணும்?
– ஒரு வாசகி, திண்டுக்கல்

'பழைய மாடல்'னு மொட்டையாச் சொல்லியிருப்பீங்க. எந்தப் பழசு? டி.ஆர். ராஜகுமாரியோட 'ஹரிதாஸ்' வந்தது 1944. சரோஜாதேவியோட 'புதிய பறவை' 1964. இருபது வருஷத்துல ஜாக்கெட் கை எங்கேயோ போயிடுச்சு.

பஃப்தான் வேணும்னா, டூ பை டூன்னு கடையில கிடைக்கிற ஜாக்கெட் பருத்தித் துணி எடுங்க. உள்ளே கேன்வாஸ், நெட் எதுவும் வேண்டாம். உங்க பலூனுக்கு அதுதான் காரணமா இருக்கும். கை வெட்டும்போது மேல்வளைவுல ஒன்றரை அங்குலம் கூட்டச் சொல்லுங்க. சுருக்கு தோள் உச்சியில மட்டும் நெருக்கமா வரணும், அக்குள் பக்கம் எட்டிப் பார்க்கவே கூடாது. தோள் அளவுல அரை அங்குலம் குறைக்கணும், இல்லேன்னா பஃப் சரிஞ்சு கையில தொங்கும். மீதியைக் கஞ்சி பார்த்துக்கும்.

அறுபதுகளோட ஒட்டின கைதான் ஆசைன்னா வேலை வேற. முழங்கைக்கு மேல இறுக்கிப் பிடிச்சும் கை மடங்கணும், அதனால துணியை கிராஸ்ல, அதாவது மூலைவாட்டமா வெட்டணும். ஆர்ம்ஹோல், அதாவது கை சேர்ற வளைவு, அக்குளை ஒட்டி இருக்கணும். போட்டுப் பார்க்கும்போது ரெண்டு கையையும் தூக்குங்க. இடுப்புப் பட்டி கூடவே மேல ஏறுதா? ஆர்ம்ஹோல் இறங்கிப் போச்சுன்னு அர்த்தம். கூச்சப்படாம திருப்பிக் கொடுங்க.

கறுப்பு-வெள்ளைப் படத்துல பார்த்த புடவை மாதிரி எடுக்க ஆசை. என்ன கலர்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது?
– கல்லூரி மாணவி, கோவை

கண்டுபிடிக்க முடியாது, தேவையும் இல்ல. சிவப்பையும் பச்சையையும் சேர்த்தா நேர்ல பளிச்னு இருக்கும். கறுப்பு-வெள்ளையில ரெண்டும் ஒரே சாம்பலாப் போயிடலாம். பானுமதி நடிச்ச 'அலிபாபாவும் 40 திருடர்களும்' 1956லயே முழுநீளக் கலர்ல வந்தாச்சு. ஆனா அதுக்கப்புறமும் பல வருஷம் பெரும்பாலான படம் கறுப்பு-வெள்ளைதான். புடவையோட உடல் பகுதி வெளுப்பா, பார்டர் அழுத்தமா, இல்லேன்னா தலைகீழா இருந்தாத்தான் புடவை எடுபடும். கடையிலேயே போன்ல கறுப்பு-வெள்ளையா ஒரு படம் எடுத்துப் பாருங்க. பார்டர் தனியாத் தெரிஞ்சா பில் போடச் சொல்லுங்க.

தோள் வரைக்கும்தான் முடி. பழைய நடிகைகளோட அந்த உயரக் கொண்டை வருமா?
– இல்லத்தரசி, திருச்சி

தாராளமா. சவுரி எதுக்கு இருக்கு? நீள முடி இருந்தவங்களுக்கும் உள்ளே சவுரி வெச்சாத்தான் அந்த உயரம் நிக்கும். நெத்திக்கு மேல கொஞ்சம் தூக்கிச் சீவிக்குங்க. பூவை ஒரு பக்கமா வைங்க, சுத்தி வெச்சா கல்யாணப் பொண்ணுகிட்ட சண்டை வரும்.

சாவித்திரியா, பத்மினியா? மழுப்பாம சொல்லுங்க!
– நீண்டகால வாசகி, நாகர்கோவில்

நடிப்புன்னா சாவித்திரி. உடுப்புன்னா பத்மினி. 'தில்லானா மோகனாம்பாள்' (1968) ஆட்டத்துல நான் பார்க்கிறது காலை இல்ல, நடுவுல இருக்கிற விசிறி மடிப்பை. அரைமண்டியில உட்கார்ந்தா விரியணும், எழுந்தா ஒரு மடிப்பும் பிசகாம மூடணும். பட்டுல அப்படி நிக்க வைக்கிறது லேசுப்பட்ட வேலை இல்ல. அதைத் தைச்ச கையைப் பார்த்திருந்தா கும்பிட்டிருப்பேன். சாவித்திரி ரசிகைகள் திட்டி எழுதலாம், ஜாக்கெட் சந்தேகம் ஒண்ணையும் சேர்த்து எழுதினா பதில் உண்டு.