சர்க்கரையும் பிரஷரும்: வாசகர் கேள்வி - பதில்

சர்க்கரை உள்ளவர்களின் ரத்த அழுத்தம் பற்றி வந்த கேள்விகளை மட்டும் இந்த முறை எடுத்துக்கொண்டோம்.

ஆஸ்பத்திரியில் பார்த்தால் 160/90. மகன் வாங்கித் தந்த மெஷினில் வீட்டில் பார்த்தால் ஒரு நாள் 128, ஒரு நாள் 146. எதை நம்புவது?
- மன்னார்குடி வாசகர்

எந்த ஒற்றை அளவையும் நம்பாதீர்கள். ஏழு நாள் கணக்கு எடுங்கள். காலையில் எழுந்து சிறுநீர் கழித்த பிறகு, காபிக்கும் மாத்திரைக்கும் முன்னால் ஒரு தடவை உட்காருங்கள். மாலையில் சாப்பாட்டுக்கு முன் இன்னொரு தடவை. ஒவ்வொரு தடவையும் ஒரு நிமிட இடைவெளியில் இரண்டு அளவு. முதல் நாள் கணக்கைத் தள்ளிவிட்டு, மீதி ஆறு நாளின் 24 அளவுகளுக்கும் சராசரி போடுங்கள். அது 130/80-ஐத் தொட்டாலோ தாண்டினாலோ பிரஷர் கட்டுக்குள் இல்லை. அந்தத் தாளோடு டாக்டரிடம் போனால் மாத்திரையைக் கூட்டுவதா குறைப்பதா என்று அவரால் தீர்மானிக்க முடியும்.

எண் இப்படித் தாவுவதற்கு முக்கால்வாசி நேரம் உட்காரும் விதம்தான் காரணம். திண்ணையும் பெஞ்சும் உதவாது. முதுகு சாயும் நாற்காலி வேண்டும், பாதம் இரண்டும் தரையில் படிய வேண்டும், கால் மேல் கால் கூடாது. கையை மேசை மேல் வைத்து, பட்டை நெஞ்சு மட்டத்துக்கு வரும்படி பார்த்துக்கொள்ளுங்கள். கையைத் தொங்கவிட்டால் அளவு கூடும். பட்டையின் கீழ் விளிம்பு முழங்கை மடிப்புக்கு இரண்டு விரற்கடை மேலே, வெறும் தோலில் இருக்க வேண்டும். ஐந்து நிமிடம் சும்மா உட்கார்ந்த பிறகே பொத்தானை அழுத்துங்கள். மெஷின் ஓடும்போது பேசினால் எண் ஏறும், "எவ்வளவு காட்டுது?" என்று கேட்பதும் பேச்சுதான். காபி, பீடி, புகையிலை எதுவானாலும் அரை மணி நேரம் முன்பே நிறுத்திவிட வேண்டும்.

மேல்கையின் நடுச் சுற்றளவை ஒரு தையல் டேப்பால் அளந்து பாருங்கள். மெஷினோடு வரும் பட்டை பெரும்பாலும் 22 முதல் 32 செ.மீ. வரை உள்ள கைக்கானது. 35 செ.மீ. கையில் அதைச் சுற்றினால் இல்லாத பிரஷரைக் காட்டும்; பெரிய பட்டையைத் தனியாக வாங்கிக்கொள்ளலாம். மணிக்கட்டில் கட்டும் மெஷின் வேண்டாம். முதல் தடவை மட்டும் இரண்டு கைகளிலும் பாருங்கள். பிறகு எப்போதும் அதிகம் காட்டிய கையிலேயே பாருங்கள்.

டாக்டரைப் பார்த்ததும் எண் ஏறுவது பலருக்கு உண்டு. ஆனால் இதற்கு நேர்மாறான ரகம்தான் எங்களுக்குக் கவலை. ஆஸ்பத்திரியில் 126, வீட்டில் 145. சர்க்கரை உள்ளவர்களிடம் இது அபூர்வமல்ல. சிறுநீரகமும் கண்ணும் கெடும் வரை யார் கண்ணிலும் படாது.

சமையலில் உப்பைப் பாதியாகக் குறைத்துவிட்டேன். அப்படியும் என் கணவருக்கு 150-க்குக் கீழே வரவில்லை. இந்துப்புக்கு மாறலாமா?
- கும்பகோணம் வாசகி

இந்துப்பும் சோடியம் குளோரைடுதான். நிறமும் விலையும்தான் வேறு. வேதாரண்யத்துக் கல்லுப்பானாலும் இமயமலைப் பாறையுப்பானாலும் ரத்தக் குழாய்க்கு வித்தியாசம் தெரியாது.

ஒருவருக்கு ஒரு நாளைக்கு மொத்தம் 5 கிராம், அதாவது ஒரு சிறு டீஸ்பூன் உப்புக்கு உள்ளேதான் இருக்க வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் அளவு. குழம்பில் கை குறைந்திருக்கிறதா என்று நாக்கை வைத்து அளக்காதீர்கள், பாக்கெட்டை வைத்து அளங்கள். நாலு பேர் உள்ள வீட்டில் ஒரு கிலோ உப்பு 50 நாள் வர வேண்டும். பாக்கெட் பிரித்த தேதியை அதன் மேலேயே எழுதி வையுங்கள். மாதம் முடியும் முன் தீர்ந்தால் விடை கிடைத்துவிட்டது.

நம் பக்கத்தில் உப்பு குழம்பில் ஒளிந்திருப்பதைவிடத் தட்டின் ஓரத்தில்தான் ஒளிந்திருக்கிறது. மோர் மிளகாய், வடுமாங்காய், வடகம், கருவாடு என எல்லாமே கெடாமல் இருப்பதற்காக உப்பில் ஊறியவை. அப்பளத்தில் உப்போடு அப்பளக்காரமும் (சோடா உப்பு) சேர்கிறது, அதுவும் சோடியமே. பழைய சோற்றுக்கு உப்புப் போட்டு, தொட்டுக்கொள்ள நார்த்தங்காய் ஊறுகாயும் வைத்தால், மத்தியானக் குழம்பில் நீங்கள் குறைத்ததெல்லாம் காலையிலேயே உள்ளே போயிருக்கும். பழைய சோற்றைச் சின்ன வெங்காயமும் உப்பில்லாத மோரும் சேர்த்துச் சாப்பிடட்டும். அதுவும் அளவோடு, சர்க்கரைக்குச் சோறு சோறுதான். கருவாட்டை வெந்நீரில் ஊறவைத்து இரண்டு முறை அலசினால் உப்பு கொஞ்சம் குறையும், முழுக்கப் போகாது. வயிற்று உப்புசத்துக்குக் குடிக்கும் நுரைக்கும் பொடியையும் கணக்கில் சேருங்கள்.

கடையில் 'சோடியம் குறைந்த உப்பு' என்று விற்பதை உங்கள் கணவருக்கு நீங்களாக வாங்கிக் கொடுக்காதீர்கள். அதில் சோடியத்துக்குப் பதிலாகப் பொட்டாசியம் குளோரைடு கலந்திருக்கும். டெல்மிசார்டன், லோசார்டன், எனலாப்ரில், ராமிப்ரில் வகைப் பிரஷர் மாத்திரை சாப்பிடுகிறவருக்கும், சிறுநீரகம் தளர்ந்தவருக்கும் ரத்தத்தில் பொட்டாசியம் ஏறி இதயத் துடிப்பே குழம்பலாம்.

மூன்று மாதமாக 124/78. இனி மாத்திரையை நிறுத்திவிடலாமா?
- திருத்துறைப்பூண்டி வாசகர்

அந்த 124 என்பது மாத்திரை காட்டும் எண். பிரிட்டனில் சர்க்கரை உள்ள 1,148 பேரை வைத்து நடந்த யூ.கே.பி.டி.எஸ். ஆய்வு 1998-ல் வெளியானது. பிரஷரை இறுக்கிப் பிடித்த குழுவின் சராசரி 144/82, மற்றவர்களுடையது 154/87. இந்தப் பத்துப் புள்ளி வித்தியாசத்துக்கே பக்கவாதம் 44 சதவீதம் குறைந்தது. ஆய்வு முடிந்த இரண்டே ஆண்டில் இரு குழுவின் பிரஷரும் ஒன்றாகிவிட்டது. பிடித்து வைத்தவர்களுக்குக் கிடைத்த பலனும் நீடிக்கவில்லை என்று 2008-ல் வந்த தொடர் அறிக்கை காட்டியது. சர்க்கரையைக் கட்டுப்படுத்தியதன் பலனாவது பிற்பாடும் தொடர்ந்தது. பிரஷர் அப்படிச் சேமிப்பாக நிற்பதில்லை, பிடித்திருக்கும் வரைதான் பலன்.

உடம்பு எடை கணிசமாகக் குறைந்து, மேல் எண் 110-க்குக் கீழே இறங்கி, தலை லேசாகச் சுற்றினால் குறைக்கும் பேச்சை டாக்டரிடம் எடுக்கலாம். மாத்திரை தீர்ந்துபோவதால் விட்டுப்போகிறது என்றால், 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் பதிந்துகொள்ளுங்கள், வீட்டுக்கே வரும். ஆனால் அட்டையும் நிறமும் மாறி வந்தால் உள்ளே இருக்கும் மருந்தின் பெயரைப் படித்துப் பாருங்கள். பழைய அட்டையில் ஒன்று, புது அட்டையில் ஒன்று என்று ஒரே மருந்தை இரண்டாகச் சாப்பிடுவது அடிக்கடி நடக்கிறது.

நடவு நாளில் முட்டியும் இடுப்பும் விட்டுப்போகிறது. மெடிக்கலில் கேட்டு வலி மாத்திரை போட்டுக்கொள்கிறேன். பிரஷருக்கு டெல்மிசார்டனும் நீர் மாத்திரையும் சேர்ந்த மாத்திரை தந்திருக்கிறார்கள்.
- ஒரத்தநாடு வாசகி

உங்களுக்குத்தான் இந்தப் பக்கத்திலேயே அவசரமான பதில். டைக்ளோபினாக், அசிக்ளோபினாக், ஐபுபுரூபன் மூன்றும் உப்பையும் நீரையும் உடம்பில் தேக்கிப் பிரஷரை ஏற்றும். அது சின்ன விஷயம். சிறுநீரகத்தின் வடிகட்டியை ஒரு வயல் என்று வைத்துக்கொள்ளுங்கள். வலி மாத்திரை தண்ணீர் வரும் மதகை அடைக்கிறது. டெல்மிசார்டன் வடிகாலைத் திறந்து விடுகிறது. நீர் மாத்திரை ஆற்றிலேயே தண்ணீரைக் குறைக்கிறது. வெயிலில் வியர்வையும் கொட்டினால் வயலில் என்ன நிற்கும்? சிறுநீரகம் வடிகட்ட வேண்டிய கழிவான கிரியாட்டினின் சில நாளிலேயே ரத்தத்தில் எகிறலாம்.

கல்லீரல் கோளாறு இல்லையென்றால், வலிக்குப் பாராசிட்டமால் 500 மி.கி. ஒன்று போதும். ஆறு மணி நேர இடைவெளியில் இன்னொன்று போடலாம். முட்டிக்கு மேலே தடவும் ஜெல் ரத்தத்தில் கலப்பது மிகக் குறைவு. 'வலி ஊசி'யும் இதே வகை மருந்தாக இருக்கலாம், கேட்காமல் போட்டுக்கொள்ளாதீர்கள்.

வாந்தி, பேதி வந்து ஒன்றும் உள்ளே தங்காத நாளில் டெல்மிசார்டன், நீர் மாத்திரை, சர்க்கரைக்கான மெட்பார்மின், டாபாகிளிப்ளோசின் ஆகியவற்றைத் தற்காலிகமாக நிறுத்திவைக்கச் சொல்வது வழக்கம். உங்களுக்கு எதை, எத்தனை நாள் என்று டாக்டரிடம் இப்போதே கேட்டு எழுதி வையுங்கள். இன்சுலினை மட்டும் நீங்களாக நிறுத்தக் கூடாது.

மாமனாருக்கு 72 வயது. கட்டிலை விட்டு எழுந்ததும் கண் இருட்டுகிறது என்கிறார். பிரஷரோ 150. மாத்திரையைக் கூட்டினால் விழுந்துவிடுவாரோ?
- பாபநாசம் வாசகி

பயம் நியாயமானது. ஐந்து நிமிடம் படுக்கவைத்து அளவெடுங்கள். எழுந்து நின்றதும் ஒரு நிமிடத்தில் ஒன்று, மூன்றாம் நிமிடத்தில் ஒன்று. மேல் எண் 20 அல்லது கீழ் எண் 10 இறங்கினால், நிற்கும்போது குழாய்களை இறுக்கும் நரம்புகள் சர்க்கரையால் தளர்ந்திருக்கலாம். புராஸ்டேட்டுக்குத் தரும் டாம்சுலோசின் போன்ற மாத்திரையும் இதைச் செய்யும், அவர் சாப்பிடுகிறாரா பாருங்கள். கண் இருட்டும் நேரத்தில் சர்க்கரையையும் குத்திப் பாருங்கள். 70-க்குக் கீழே என்றால் கதை வேறு. இந்த எண்களைக் காட்டினால் எந்த மாத்திரையை மாற்றலாம் என்று டாக்டர் சொல்வார். அதுவரை இரவில் எழும்போது கட்டில் ஓரத்தில் இரண்டு நிமிடம் உட்கார்ந்து, குதிகாலை இருபது தடவை தூக்கி இறக்கிவிட்டு நிற்கட்டும்.

அம்லோடிபின் சாப்பிட்டதிலிருந்து கணுக்கால் வீங்குகிறது. கிட்னி போய்விட்டதா?
- நாகப்பட்டினம் வாசகர்

அந்த மாத்திரையின் தெரிந்த பக்கவிளைவு இது; 10 மி.கி.யில் அதிகம். அளவைக் குறைத்தாலோ டெல்மிசார்டன் சேர்த்தாலோ பெரும்பாலும் வடியும். ஆனாலும் சிறுநீரில் அல்புமின் (புரதம்) - கிரியாட்டினின் விகிதம் பார்த்துவிடுங்கள். 30-க்குக் கீழே இருந்தால் நல்லது. சர்க்கரை உள்ள எல்லோரும் ஆண்டுக்கு ஒருமுறை பார்க்க வேண்டியது. கிரியாட்டினின் மட்டும் பார்த்துவிட்டு 'நார்மல்' என்று திரும்பினால் முதல் கட்டக் கோளாறு தப்பிவிடும்.

தொண்டைக்கு அதிமதுரம் தினமும் மெல்கிறேன். கெடுதல் உண்டா?
- திருவையாறு வாசகர்

உண்டு. அதிமதுரம் உப்பைத் தேக்கும், பொட்டாசியத்தை வெளியேற்றும். பிரஷர் ஏறும். நீர் மாத்திரையும் சேர்ந்தால் பொட்டாசியம் இன்னும் விழும். கற்பூரவள்ளி இலைக்கு மாறுங்கள்.

திடீரென்று 190/120 காட்டினால் நாக்கடியில் மாத்திரை வைக்கலாமா?
- சீர்காழி வாசகர்

வேண்டாம். பிரஷர் ஒரேயடியாகச் சரிந்தால் மூளைக்கும் இதயத்துக்கும் ரத்தம் தட்டுப்படும். ஐந்து நிமிடம் உட்கார்ந்து மறுபடி பாருங்கள். நெஞ்சுவலி, மூச்சுத் திணறல், வாய் கோணல், ஒரு பக்கக் கை கால் பலவீனம், பேச்சுக் குழறல், பார்வை மங்கல் இவற்றில் ஒன்று இருந்தாலும் 108. எதுவும் இல்லையென்றால், அன்றைய மாத்திரை விட்டுப்போயிருந்தால் அதைப் போட்டுக்கொண்டு, அன்றே டாக்டரைப் பாருங்கள்.