லெய்லனி என்ற பெயர் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

கலிஃபோர்னியாவில் இருக்கும் என் மகளுக்கு அடுத்த மாதம் பிரசவம். பெண் குழந்தை என்று தெரிந்துவிட்டது. லெய்லானி என்று பெயர் வைக்கப் போவதாகச் சொல்கிறாள். ஹவாய்ப் பெயராம். இணையத்தில் தேடினால் ஒரு தளம் ‘வானுலகப் பூக்கள்’ என்கிறது, இன்னொன்று ‘அரச குழந்தை’ என்கிறது, மூன்றாவது இது அரபிப் பெயரான லைலாவின் இன்னொரு வடிவம் என்கிறது. எது சரி? கைலானி என்ற பெயரையும் யோசிக்கிறார்கள், ‘கடலும் வானும்’ என்று பொருளாம். எங்கள் ஜோசியர் ஆங்கில எழுத்தில் ஒரு ‘ஏ’ கூட்டச் சொல்கிறார். தமிழில் எப்படி எழுதுவது? எல்லாவற்றுக்கும் மேலாக, நமக்கு உறவில்லாத ஒரு மக்களின் பெயரை எடுத்து வைத்துக்கொள்வது முறையா?

ச., கிள்ளான்

அன்புள்ள ச. அவர்களுக்கு,

லைலாவை முதலிலேயே தள்ளிவிடுங்கள். அது இரவு என்று பொருள்படும் அரபிச் சொல். காதுக்கு ஒத்து ஒலிப்பதைத் தவிர இரண்டுக்கும் எந்த உறவும் இல்லை. உங்கள் பேத்திக்கு யோசித்திருக்கும் பெயர் லெய், லனி என்ற இரண்டு ஹவாய்ச் சொற்களால் ஆனது.

லெய் என்றால் கழுத்திலோ தலையிலோ அணியும் மாலை. பூவில்தான் கட்டவேண்டும் என்றில்லை. மைலே கொடியின் இலைகளில் உண்டு, நீஹாவ் தீவின் சிறு சிப்பிகளில் உண்டு, குக்குய் கொட்டைகளில் உண்டு. பறவை இறகுகளில் செய்த லெய் உயர்குடியினருக்கு உரியது. திமிங்கிலப் பல்லைச் செதுக்கி, பின்னிய மனித முடியில் கோத்த லெய்யைத் தலைவர்கள் மட்டுமே அணிந்தார்கள். ஆகவே ‘பூக்கள்’ என்ற விளக்கம் பிழை. பூவுக்கு அங்கே புஅ என்று தனிச் சொல் இருக்கிறது. புஅனனி என்ற பெயரில் வருவது அதுதான், அழகிய பூ.

லெய்க்கு இன்னொரு பொருளும் உண்டு. அன்புக்குரிய குழந்தையை, இளையவரை, துணையை லெய் என்பார்கள். மேரி கவேன புக்குயியும் சாமுவேல் எல்பர்ட்டும் தொகுத்து 1957-ல் வெளிவந்த ஹவாய் அகராதி இதற்குக் காரணமும் சொல்கிறது. செல்லக் குழந்தையைத் தோளில் தூக்கிக்கொள்ளும்போது அதன் கால்கள் இரண்டும் கழுத்தின் இரு பக்கமும் மாலைபோலத் தொங்கும். ஹவாய்ப் பாடல்களில் ‘என் லெய்’ என்று வந்தால் முக்கால்வாசி நேரம் அது ஒரு மனிதரைத்தான் குறிக்கும்.

லனி உங்களுக்குத் தெரிந்த சொல்தான். கிள்ளானில் வானத்தை மலாயில் லாங்கிட் என்று தினமும் கேட்கிறீர்கள் அல்லவா, அதன் தூரத்து உடன்பிறப்பு இது. மலாயும் ஹவாய் மொழியும் ஒரே ஆஸ்ட்ரோனேசியக் குடும்பம். பாலினேசியக் கிளைக்கு வரும்போது கடைசி ‘ட்’ உதிர்ந்து லங்கி ஆனது. சமோவாவில் இன்றும் லங்கி, நியூசிலாந்து மாவோரியில் ரங்கி. ஹவாயில் நடுவிலிருந்த ‘ங்’ ஒலி ‘ன்’ ஆக மாறியதால் லனி. ஒரே சொல் மலாக்கா நீரிணையிலிருந்து பசிபிக்கின் நடு வரைக்கும் போயிருக்கிறது என்பதை உங்கள் மகளிடம் சொல்லுங்கள். மலேசியாவில் பிறந்து வளர்ந்தவளுக்கு இந்தப் பெயரோடு இப்படியும் ஓர் ஒட்டு இருக்கிறது.

லனி வானத்தை மட்டும் குறிக்கவில்லை. தெய்வங்களின் வழிவந்தவர்களாகக் கருதப்பட்ட அலி'இ (இடையில் வரும் குறியைப் பின்னால் விளக்குகிறேன்) என்னும் உயர்குடித் தலைவர்களையும் லனி என்றே அழைத்தார்கள். கேப்டன் குக் 1779-ல் கொல்லப்பட்டபோது ஹவாய்த் தீவை ஆண்டவர் பெயர் கலனி'ஓபு'உ. தொடக்கத்தில் இருக்கும் ‘கலனி’ அந்த மேன்மைச் சொல்தான். பழைய காலத்தில் பெயருக்குள் லனி வந்தால் அது அலி'இ குடியின் அடையாளம். ஆண்பால் பெண்பால் பிரிவு அந்த மொழி இலக்கணத்தில் இல்லை, எனவே கலனி இன்றும் ஆண்களுக்கும் உண்டு.

ஆக, ‘வானுலக மாலை’, ‘அரச குழந்தை’ இரண்டும் சரி, இரண்டும் ஒரே நேரத்தில் சரி. ஹவாய்ப் பாட்டு மரபில் வெளிப்பொருளுக்கு அடியில் இன்னொரு பொருளை வைப்பதற்குக் கஓன என்று பெயர். சிலேடையில் பழகிய தமிழ் வாசகருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பட்டியல் தளங்கள் ஒரு பெயருக்கு ஒரே வரி என்று கட்டாயப்படுத்துவதால்தான் ஒவ்வொன்றும் ஒரு பாதியைச் சொல்கிறது.

கைலானி விஷயம் வேறு. ஹவாய் மொழியில் அடைமொழி பெயருக்குப் பின்னால் வரும், நம் வழக்கத்துக்கு நேர்மாறாக. கய் என்றால் கடல், கய்லனி என்றால் வானுக்குரிய கடல், அல்லது அரசருக்குரிய கடல். ‘கடலும் வானும்’ என்று சொல்ல நடுவில் ‘அ மே’ என்ற இணைப்புச் சொல் வேண்டும். இரண்டு சொற்களை அகராதியில் தனித்தனியாகப் பார்த்துவிட்டு நடுவில் ‘உம்’ போட்டுக்கொண்டவர்களின் மொழிபெயர்ப்பு அது. நலனிக்கு ‘அமைதியான வானம்’ என்று போட்டிருப்பார்கள். அமைதிக்கு அதில் இடமே இல்லை. நா என்பது பன்மைச் சுட்டு, நா லனி என்றால் வானங்கள், அல்லது அரசர்கள். மலியா ஹவாயிலேயே பிறந்த சொல்லாகக் காட்டப்படும். பைபிளின் மரியாதான் அது. ‘ர’ இல்லாத மொழியில் ‘ல’ ஆயிற்று. ஆனெல என்பதும் அப்படி ஆங்கிலத்திலிருந்து வந்த தேவதூதர். இவை போலிப் பெயர்கள் அல்ல, ஹவாய் மக்கள் தலைமுறைகளாக வைத்துவரும் பெயர்கள். மூலத்தைத்தான் தவறாகச் சொல்கிறார்கள்.

லெய்லனி அமெரிக்கப் பெருநிலத்துக்கு எப்படிப் போனது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். வைகிக்கியில் ராயல் ஹவாய்யன் ஹோட்டலின் இசைக்குழுவை நடத்திய ஹாரி ஓவன்ஸ், 1934-ல் பிறந்த தன் மகளுக்கு லெய்லனி என்று பெயரிட்டு ‘ஸ்வீட் லெய்லானி’ என்ற பாட்டை எழுதினார். 1937-ல் பிங் கிராஸ்பி அதை ‘வைகிக்கி வெட்டிங்’ படத்தில் பாட, அந்த ஆண்டின் சிறந்த பாடலுக்கான ஆஸ்கர் கிடைத்தது. சொல்லும் பொருளும் பழையவை, உலகப் பெயராகப் பரவியது அந்த இசைத்தட்டின் வழியாக. ஓவன்ஸ் ஹவாய் வம்சத்தவர் அல்ல. ஒரு தகப்பன் மகள்மேல் கொண்ட அன்பில் வைத்த பெயர் என்ற அளவில் அதில் எனக்குக் குறை காணத் தோன்றவில்லை.

பட்டியல்கள் மொத்தமாக விட்டுவிடுவது இன்னொன்று. ஹவாயில் பெயர் என்பது அழகான சொல்லைத் தேடி எடுப்பதல்ல, அது வந்து சேர்வது. பெயருக்கு இனோஅ என்று சொல்வார்கள். குடும்பத்தில் ஒருவரின் கனவில் வந்தால் இனோஅ போ, இரவுப் பெயர். வானிலோ கடலிலோ தெரிந்த குறியால் வந்தால் இனோஅ ஹோ'அய்லோன. யாரென்று தெரியாத குரலாகக் காதில் விழுந்தால் இனோஅ ஊலாலெஓ. இப்படி வந்த பெயரை வைக்காமல் விட்டால் குழந்தைக்கு நோவு வரும் என்று அஞ்சினார்கள். முதல் குழந்தைகளை இழந்த வீட்டில் அருவருப்பான பெயரை வேண்டுமென்றே வைப்பதும் உண்டு, கெட்டது அணுகாமலிருக்க. நம் குப்பம்மாளையும் குப்புசாமியையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

நிகழ்ச்சியை நினைவில் வைக்கும் பெயர் இனோஅ ஹொ'ஒமன'ஒ. இதற்குக் கடைசி அரசி லிலி'உஒகலனியைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடையாது. 1838 செப்டம்பர் 2-ல் அவர் பிறந்தபோது, அரசருக்கு அடுத்த அதிகாரத்தில் இருந்த கீன'உ கடுமையான கண்வலியில் இருந்தார். குழந்தைக்கு அவர் சூட்டிய பெயர்கள் லிலி'உ, லோலோகு, வாலனியா, கமக'எஹ. முறையே எரிச்சல், கண்ணீர், சுடும் வலி, புண்பட்ட கண். 1877-ல் தங்கையைப் பட்டத்துக்குரியவராக அறிவித்த அரசர் கலாகவுஅ பெயரை லிலி'உஒகலனி என்று நீட்டினார், அரச குலத்தவரின் வலி. அகராதியை மட்டும் கையில் வைத்துக்கொண்டு பார்த்தால் ஒரு குழந்தைக்கு யார் இப்படிப் பெயர் வைப்பார்கள் என்றுதான் தோன்றும். பெயர் சூட்டியவரையும் அந்த நாளையும் சேர்த்துப் பார்த்தால்தான் அது திறக்கும்.

அகராதி தந்த புக்குயியின் பெயரில் நாம் அறிந்தது ‘கவேன’ மட்டும், ஒளிச்செம்மை. முழுப் பெயரோ, பூமியை உண்ணும் பெண்ணான பெலேயின் மார்பில் வளர்ந்த ஹி'இயக வானில் எழுப்பிய செந்நிற ஒளி என்று நீளும் ஒரு வாக்கியம். எரிமலைத் தெய்வமான பெலேயின் வழியினர் வாழும் க'ஊ பகுதியில் 1895-ல் பிறந்தவருக்குப் பொருத்தமான பெயர். இன்று புழங்கும் குட்டிப் பெயர்கள் பல இப்படி நீண்ட பெயரின் ஒரு துண்டு. மேரி என்பது முன்னால் நிற்பதற்கும் காரணம் உண்டு. 1860-ல் வந்த சட்டம் குழந்தைகளுக்குக் கிறிஸ்தவ முதற்பெயரும் தந்தை வழிக் குடும்பப் பெயரும் கட்டாயம் என்றது. ஹவாய்ப் பெயர் நடுப்பெயராக ஒதுங்கியது. முதற்பெயர் விதி 1967 வரை நீக்கப்படவில்லை.

தமிழில் எழுதுவது பற்றி. ஹவாய் மொழியில் ஐந்து உயிர்கள், ஒவ்வொன்றுக்கும் குறிலும் நெடிலும் உண்டு. எ–ஏ, ஒ–ஓ வேறுபாடு உட்பட நம் அ முதல் ஓ வரை, ஐயை விட்டால் அப்படியே பத்தும் பொருந்தும். ஆங்கில எழுத்து தலைக்கோடு போட்டுக் காட்டும் நெடிலை நாம் இயல்பாகவே எழுதிவிடலாம். லனியில் இருப்பது குறில், அழுத்தம் மட்டும் அந்த ‘ல’மேல் விழுகிறது. அந்த அழுத்தம் நம் காதில் நெடிலாகக் கேட்பதால்தான் லெய்லானி என்று எழுதிவிடுகிறோம். லெய்லனி என்று எழுதுங்கள். லைலானி வேண்டாம், முதல் அசை ‘ஐ’ அல்ல, ‘எய்’.

நமக்குச் சிக்கல் ஓகினாவில். தொண்டையை ஒரு கணம் அடைத்துத் திறக்கும் ஒலி அது, ஒரு முழு மெய்யெழுத்து. இந்தக் கடிதத்தில் மேற்கோள் குறியால் காட்டியிருக்கிறேன். பௌ என்றால் முடிந்தது, ப'உ என்றால் கரி, பா'ஊ என்றால் பாவாடை. கெஅல என்ற பெண்பெயர் பாதை, கெ'அல நறுமணம். இரண்டு உயிர்கள் அடுத்தடுத்து வந்தால் நம் நாக்கு தானாக ய், வ் என்று உடம்படுமெய்யை நுழைத்துவிடும். மகிழ்ச்சி என்று பொருள்படும் கலெ'அ நம் வாயில் கலெயா ஆகிவிடும், அடைப்பு தொலைந்துபோகும். அமெரிக்கக் கடவுச்சீட்டிலும் இந்தக் குறிகள் வருவதில்லை. லெய்லனியில் ஓகினாவும் இல்லை, நெடிலும் இல்லை. எந்தப் படிவத்தில் எழுதினாலும் பெயர் சேதமாகாது.

இதே காரணத்தால் ஜோசியர் சொன்ன ‘ஏ’ வேண்டாம் என்பேன். அந்த மொழியில் எழுத்தைக் கூட்டினால் ஒலி கூடும், ஒலி கூடினால் அது வேறு சொல். ‘ஒய்’ போட்டு எழுதுகிறவர்களும் உண்டு. ஹவாய் நெடுங்கணக்கின் பதின்மூன்று எழுத்தில் அந்த எழுத்தே கிடையாது. எண்கணிதம் பார்த்தே ஆகவேண்டும் என்றால் உங்கள் குடும்பப் பெயரில் பார்த்துக்கொள்ளலாம், அது உங்களுடையது.

முறையா என்று கேட்டீர்கள். ஹவாய் மொழியில் ‘என்னுடைய’ என்பதற்கு இரண்டு சொற்கள். நாம் தேடி அடைந்தவற்றுக்குக் க'உ. உடம்பு, பெற்றோர், நிலம்போல நம்மோடு பிறந்தே இருப்பவற்றுக்குக் கொ'உ. குழந்தை முதல் வகை. பெயர் இரண்டாம் வகை, கொ'உ இனோஅ. அப்படிக் கருதும் மக்களிடம், ஒரு குடும்பத்துக்காகக் கனவில் வந்த பெயரையோ ஒருவரின் முன்னோர் பெயரையோ கேட்காமல் எடுப்பது திருட்டு. இளவரசி க'இஉலனியின் பெயர் போன்றவற்றையும் நான் தொடமாட்டேன். ஹவாய் முடியரசு கவிழ்க்கப்பட்ட சில ஆண்டுகளில், 1899-ல், 23 வயதில் இறந்த ஒருவரின் நினைவு அங்கே இன்னும் ஆறவில்லை. லெய்லனி அப்படி ஒரு வீட்டுக்கு உரிய பெயர் அல்ல. பல தலைமுறைகளாகத் தீவுகளிலும் வெளியிலும் பலரும் வைத்துவரும் பொதுப்பெயர். வையுங்கள்.

ஆனால் ஒன்று செய்யுங்கள். 1896-ல் பள்ளிகளில் ஆங்கிலம் மட்டுமே பயிற்றுமொழி என்று சட்டம் வந்தபின் அந்த மொழி அழிவின் விளிம்பு வரை போனது. 1978-ல் மாநில ஆட்சிமொழியாக ஏற்கப்பட்டு, 1984-ல் கவுஅ'இ தீவின் கெகஹாவில் முதல் ஹவாய் வழி மழலையர் பள்ளி திறந்தது. அப்படி மீட்கப்பட்ட மொழியின் பெயரைச் சுமக்கப் போகிறவள் உங்கள் பேத்தி. ‘ஓ லெய்லனி கொ'உ இனோஅ’, என் பெயர் லெய்லனி என்ற அந்த ஒரு வாக்கியத்தைப் பேசத் தொடங்கும்போதே கற்றுக்கொடுங்கள். முதல் ‘ஓ’வுக்கு முன்னாலும் ஓர் ஓகினா உண்டு, தொண்டையைத் திறந்து தொடங்கவேண்டும். புக்குயி–எல்பர்ட் அகராதி உலுகவு மின்நூலகத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. நடுப்பெயருக்கு இன்னொரு ஹவாய்ச் சொல்லைத் தேடுவதானால் பட்டியல் தளங்களை மூடிவிட்டு, குறிகளோடு அங்கே பார்த்துவிட்டு முடிவெடுங்கள். என்னைக் கேட்டால் நடுப்பெயர் தமிழாக இருக்கட்டும், உங்கள் வீட்டுப் பாட்டிகளில் ஒருவருடையதாக.

அன்புடன்